நான் பொறுக்கி எறிந்த கல்

என்னிடம் இருக்கும் ஒரே ஆங்கிலப் புத்தகத்தின் நடுவில், பென்சில் எழுத்தை அழிக்கும் ஓர் அழிறப்பர் இருக்கிறது. வெள்ளை நிறம். அதைச் சுற்றியிருந்த நீலக் காகித உறை பாதி கிழிந்துவிட்டது. நான்கு மூலைகளும் கடையில் வாங்கிய நாளில் இருந்ததுபோலக் கூராகவே இருக்கின்றன. பல வருடங்களாக ஒரே இடத்தில் கிடப்பதால் அந்தப் பக்கமும் அதைச் சுற்றியுள்ள பக்கங்களும் குழிந்துபோய்ப் புத்தகம் சரியாக மூடுவதில்லை. அட்டையில், முகக்கவசத்தைக் கழற்றிக் கையில் பிடித்தபடி குந்தியிருக்கும் ஓர் அமெரிக்கப் பேஸ்போல் ஆட்டக்காரரின் படம். முதல் பக்கத்தில், நூலகத்திலிருந்து நீக்கப்பட்டது என்று ஒரு சிவப்பு முத்திரை. நான் எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். இந்தப் புத்தகத்தில் பத்துப் பக்கம்கூடத் தாண்டவில்லை. ஜெர்மனிக்கு வந்த பிறகு பதினொரு அறைகள் மாறியிருக்கிறேன். ஒவ்வொரு முறையும் எதையாவது விட்டுவிட்டுத்தான் போனேன்: ஒரு சைக்கிள், இரண்டு கம்பளிகள், நல்ல நிலையில் இருந்த ஒரு பிரஷர் குக்கர். இந்தப் புத்தகத்தை மட்டும் விட்டுவிட்டு வர முடியவில்லை.

அழிறப்பரை அதற்குள் வைத்தவர் அக்கா. எனக்கு அவர் இரத்த உறவு இல்லை. பிராங்பேர்ட்டிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரத் தூரத்தில், ஒரு சிறு நகரத்தின் ஓரத்தில் இருந்த அகதிகள் விடுதியில் எல்லோரும் அவரை அக்கா என்றுதான் கூப்பிட்டார்கள், அவரைவிட வயதில் மூத்தவர்கள்கூட. யாழ்ப்பாணத்தில் ஆஸ்பத்திரியில் தாதியாக இருந்தவர். கணவர் இல்லை. ஏன் இல்லை என்று அந்த விடுதியில் யாரும் யாரிடமும் கேட்பதில்லை. அவரிடமும் என்னிடமும் ஒரே வகைக் காகிதம்தான் இருந்தது. 'டுல்டுங்' என்பார்கள். உங்களைத் திருப்பி அனுப்புவதை இப்போதைக்கு நிறுத்தி வைத்திருக்கிறோம் என்பதற்கு மேல் அதில் ஒன்றும் இராது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை போய் நீட்டிக்கொள்ள வேண்டும். அனுமதி இல்லாமல் மாவட்ட எல்லையைத் தாண்டக் கூடாது. ஊரில் சமாதானம் முறிந்து மறுபடி சண்டை தொடங்கியிருந்த காலம் அது. ஆனாலும் விமானம் ஏற்றி அனுப்பப்பட்டவர்கள் இருந்தார்கள். எங்கள் மாடியிலிருந்து ஒருவரை ஒரு காலையில் கூட்டிக்கொண்டு போனார்கள். அவர் பாதி குடித்துவிட்டு வைத்த தேத்தண்ணிக் கோப்பை இரண்டு நாள் குசினி மேசையில் அப்படியே இருந்தது. யாரும் அதைக் கழுவத் துணியவில்லை. மூன்றாம் நாள் அக்காதான் கழுவி வைத்தார்.

நகரத்துக்கு வெளியே அமெரிக்க இராணுவ முகாம் ஒன்று இருந்தது. அந்த வருடங்களில் அதை மூடிக்கொண்டிருந்தார்கள். முகாமின் நூலகத்தைக் கலைத்தபோது பெட்டி பெட்டியாகப் புத்தகங்கள் நகரத்தில் இருந்த பழைய பொருள் சேகரிப்பு நிலையத்துக்கு வந்தன. அக்கா அங்கேதான் உடுப்புகளையும் புத்தகங்களையும் பிரித்து அடுக்கும் வேலை செய்தார். சமையல் புத்தகங்களும் துப்பறியும் கதைகளும் விலைபோயின. பேஸ்போல் ஆட்டக்காரர்களின் வாழ்க்கைக் கதைகளை யாரும் தொடவில்லை. கழிவுக் காகிதத்தோடு போடச் சொன்னார்கள். அக்கா ஒன்றை எடுத்துப் பார்த்திருக்கிறார். பின் அட்டைக்கு முன்னால் சிறு எழுத்தில் அட்டவணைகள், வருடவாரியாக ஒரு மனிதனின் வேலை. நோயாளிகளின் காய்ச்சல் தாள் பார்த்துப் பழகிய கண்களுக்கு அது பிடித்துவிட்டது. இரண்டு இரண்டாக விடுதிக்குக் கொண்டுவந்தார். அவருடைய கட்டிலுக்குக் கீழே சப்பாத்து வைக்க இடம் இல்லாமல் போயிற்று.

ஒரு ஆட்டத்தைக்கூடக் கண்ணால் பார்க்காமல் முப்பது நாற்பது புத்தகங்கள் படித்தார். குசினியில் பருப்பைக் கிண்டிக்கொண்டே கதை சொல்வார். நிலக்கரிச் சுரங்கத்திலிருந்து ஆட வந்தவனைப் பற்றி. பந்து பிடித்துப் பிடித்து ஐந்து விரல்களும் ஐந்து பக்கம் வளைந்து, கடைசிக் காலத்தில் சட்டைப் பொத்தான் போட முடியாமல் போனவனைப் பற்றி. எங்கள் அறையில் இருந்த ஒரு பகிடிக்காரர், "அக்கா, உந்த வெள்ளையளின்ரை சாதகத்தைப் பாத்து என்ன செய்யப் போறியள்? எங்கடை விசாவுக்கு எப்ப காலம் வரும் எண்டு ஒருக்காப் பாருங்கோவன்" என்பார். அக்கா கோபித்துக்கொள்ள மாட்டார். அவரை அதிசயப்பட வைத்தது ஒரு விஷயம்தான். அட்டவணையில் பிழைகளுக்கென்று தனியாக ஒரு வரிசை இருந்தது. பிடித்திருக்க வேண்டிய பந்தை ஒருவன் விட்டால் அது அவன் பெயருக்கு நேரே எழுதப்பட்டு, செத்த பிறகும் அப்படியே இருந்தது.

"எங்கடை கிரிக்கெட்டிலை கட்ச் விட்டவன்ரை பேரை எங்கையாவது எழுதிறவையே?" என்று ஒரு நாள் கேட்டார். "அடிச்சவன்ரை பேர் இருக்கும், எறிஞ்சவன்ரை பேர் இருக்கும். விட்டவன் பேசாமல் வீட்டை போயிடுவான். இவை எழுதி வைக்கினம் பாத்தியே."

"எழுதி என்னத்துக்கு அக்கா?"

"அடுத்தவன் தெரிஞ்சுகொள்ள வேணுமெல்லே. தாளிலை இருக்கிறதை நம்பித்தானே அடுத்த நேர்ஸ் மருந்து குடுக்கிறவ."

விடுதிக் கம்பி வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு மைதானம் இருந்தது. அமெரிக்கர்கள் முன்பு வாகனம் நிறுத்திய இடம். அதை ஊர் ஆட்கள் பேஸ்போல் கழகம் ஒன்றுக்காக எடுத்துச் சீர்செய்திருந்தார்கள். என்னதான் வாரினாலும் மண்ணுக்குள்ளிருந்து சரளைக் கல் வந்துகொண்டே இருக்கும். ஒரு நாள் வேலி தாண்டி வந்த பந்தை நான் திருப்பி எறிந்தேன். அது அவர்கள் எதிர்பார்த்ததைவிட அதிக தூரம் போய்விட்டது. அடுத்த வாரம் எனக்கு ஒரு கையுறை தந்து, இரண்டாம் தளத்துக்கும் மூன்றாம் தளத்துக்கும் நடுவில் நிற்கச் சொன்னார்கள். பந்தை அடித்தவன் ஒன்றன்பின் ஒன்றாக ஓடித் தொட வேண்டிய இடங்கள்தான் தளங்கள். தரையோடு வேகமாக வரும் பந்துகள் அங்கேதான் அதிகம். அதைப் பிடித்து, அடித்தவன் முதலாம் தளத்தை அடைவதற்கு முன் அங்கே எறிய வேண்டும். எனக்கு ஓரிடத்தில் இருக்கப் பொறுக்காது. அந்த இடம் எனக்கு ஒத்து வந்தது. சித்திரை கழிய ஒரு பந்து கல்லில் பட்டுத் துள்ளி என் முன்பல்லை உடைத்தது. பல்லை ஒரு கடதாசியில் சுற்றிக்கொண்டு ஆட்டத்தை முடித்தேன்.

அக்கா என்னோடு வந்து வேலிக்கு வெளியே நின்று பார்க்கத் தொடங்கினார். கழகத்தின் தலைவர் ஐம்பது வயதுக்காரர், கூரை வேலை செய்பவர், அதிகம் பேசாதவர். கழகத்தில் புள்ளி எழுதுபவர் வேலை கிடைத்து வேறு நகரத்துக்குப் போய்விட்டார். எழுத ஆள் இல்லாவிட்டால் தண்டம் கட்ட வேண்டும். ஒருநாள் தலைவர் ஏதோ ஒரு விதியில் தடுமாறியபோது அக்கா வேலிக்கு அப்பால் நின்றபடி தன் அரைகுறை ஜெர்மனில் விடையைச் சொன்னார். தலைவர் திரும்பிப் பார்த்துவிட்டுக் கதவைத் திறந்தார். ஒரு சின்னப் பயிற்சிக்குப் பிறகு, எங்கள் மைதானத்தில் நடக்கும் ஆட்டங்களுக்கெல்லாம் அக்காதான் எழுதினார். வெளியூர் ஆட்டங்களுக்கு மாவட்ட எல்லை தாண்ட வேண்டும். அதனால் போக முடியாது. அடிப்பவனுக்குப் பின்னால், கம்பி வலைக்கு அப்பால் ஒரு சிறு மேசை. இரண்டு பென்சில். பக்கத்தில் படித்துக்கொண்டிருக்கும் புத்தகம். முதுகை நிமிர்த்தி உட்கார்ந்து ஒவ்வொரு பந்துக்கும் ஒரு குறி போடுவார். அடித்தவன் தன் அடியால் தளம் ஏறினானா, எதிரில் நின்றவனின் பிழையால் ஏறினானா என்று தீர்மானிப்பது நடுவர் அல்ல. அது புள்ளி எழுதுபவரின் வேலை. காகிதத்துக்காக வரிசையில் நின்ற ஒரு பெண்ணின் முடிவை இருபது ஜெர்மன்காரர் வாய் பேசாமல் ஏற்றுக்கொண்டதை நான் வேறெங்கும் கண்டதில்லை.

அந்தக் கோடையில் அக்காவின் அகதி வழக்கு தோல்வியில் முடிந்துபோயிற்று. மிஞ்சியிருந்தது ஒரு வழிதான். சட்டப்படி இடமில்லாதவர்களுக்கும் இரக்கம் காட்டலாமா என்று பார்க்கும் ஓர் ஆணைக்குழுவுக்கு விண்ணப்பம். இந்த ஊரில் வேரூன்றியவர் என்று காட்ட, ஊர்க்காரர் கையெழுத்திட்ட கடிதம் ஒன்று வேண்டும். செவ்வாய்க்கிழமை பதினொரு மணிக்கு வெளிநாட்டவர் அலுவலகத்தில் 'டெர்மின்', அவர்கள் குறித்துத் தந்த நேரம். அன்றோடு கோப்பை மூடி அனுப்பிவிடுவார்கள். கடிதம் இல்லாத கோப்புக்கு என்ன நடக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். தலைவர் கடிதம் தருவதாகச் சொல்லியிருந்தார். ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் தொடங்குமுன் தன் மேலங்கியின் உள்பையைத் தட்டிக் காட்டி, "எழுதியாகிவிட்டது. ஆட்டம் முடிந்ததும் கழகத்தின் முத்திரையைக் குத்தித் தருகிறேன்" என்றார்.

அன்று பந்து எறிந்தவன் தலைவரின் மகன். இருபத்தைந்து வயதுக்கு மேலிருக்கும். தோளில் சத்திரசிகிச்சை செய்து ஒரு வருடம் கழித்து வந்திருந்தான். முதல் மூன்று சுற்றுகளில் எதிரணியில் ஒருவனும் அடித்துத் தளம் ஏறவில்லை. நான்காவதிலும் இல்லை. ஐந்தாவதில் எங்கள் ஆட்கள் பேச்சை நிறுத்திவிட்டார்கள். ஓர் ஆட்டம் முழுவதும் எவனும் தன் அடியால் தளம் ஏறாமல் எறிந்து முடிப்பது ஓர் எறிகாரனின் வாழ்நாளில் ஒரு முறை வந்தாலே பெரிது. அது நடந்துகொண்டிருக்கும்போது அதைப் பற்றி வாய் திறக்கக் கூடாது என்பது அவர்களின் நம்பிக்கை. அக்கா அதைப் பத்துப் புத்தகத்திலாவது படித்திருப்பார். இருக்கையில் அவனுக்குப் பக்கத்தில் யாரும் உட்காரவில்லை. தலைவர் அக்காவின் மேசைக்குப் பக்கத்தில் நின்றார். அவர் கை மேலங்கியின் பைக்குள் இருந்தது. எங்கள் ஆட்டத்துக்கு ஏழு சுற்றுகள், மூன்று பேர் வெளியேறினால் ஒரு சுற்று முடியும். ஏழாவதில் இரண்டு பேர் வெளியேறிவிட்டார்கள். இன்னும் ஒருவன் மட்டும்.

அவன் அடித்த பந்து நேராக என்னிடம் வந்தது. வேகம்தான், ஆனால் கடினமான பந்து இல்லை. பத்துக்கு ஒன்பது முறை பிடிப்பேன். தரையோடு ஒழுங்காக வந்தது. அது வரும்போது உடைந்த பல்லின் ஞாபகம் வந்ததா, அந்த மேலங்கிப் பையின் ஞாபகம் வந்ததா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. கடைசி நொடியில் முகத்தைத் திருப்பினேன். கையுறை ஒரு விரற்கடை முன்னதாக மேலே வந்தது. பந்து மணிக்கட்டில் பட்டு மேலே துள்ளியது. பிடித்து எறிந்தேன். அரை அடி வித்தியாசத்தில் அவன் தளத்தைத் தொட்டுவிட்டான்.

அப்போது நான் செய்ததைத்தான் சொல்ல வேண்டும். குனிந்து, காலடியில் கிடந்த ஒரு கல்லைப் பொறுக்கி, எல்லோரும் பார்க்கும்படி புல்லுக்குள் எறிந்தேன். அந்த ஆட்டத்தில் பந்தை விட்டவன் எவனும் செய்வதுதான் அது. நிலத்தின் மேல் பழியைப் போடுவது. நானும் பழகியிருந்தேன். கை தானாகச் செய்தது. தலைவரின் மகன் என்னைப் பார்த்து, "கல்லா?" என்று கேட்டான். "ஓம், கல்" என்று அவன் மொழியில் சொன்னேன். அப்புறம்தான் எனக்கு உறைத்தது. கல் என்றால் அது என் பிழை இல்லை. என் பிழை இல்லை என்றால் அடித்தவன் தன் அடியால் தளம் ஏறினான் என்றாகும். தலைவரின் மகன் ஒரு வருடம் காத்திருந்த ஆட்டம் போயிற்று. வலைக்கு அப்பால் அக்கா குனிந்து ஒரு குறி போட்டார்.

அடுத்தவன் முதல் பந்திலேயே வெளியேற, ஆட்டம் எங்களுக்கு வெற்றி. யாரும் சத்தம் போடவில்லை. நான் மேசைக்குப் போனபோது தலைவர் தாளைப் பார்த்துக்கொண்டு நின்றார். அவர் அதட்டவில்லை. தன் சட்டைப் பையிலிருந்து ஒரு புது அழிறப்பரை எடுத்துத் தாளின் ஓரத்தில் வைத்தார். "தாள் உங்களுடையது, முடிவும் உங்களுடையது. ஆனால் நாளைத் தபால் போகும்வரை மாற்றலாம். விதி அனுமதிக்கிறது" என்றார். பிறகு கழக அறைக்குள் போய்விட்டார். கதவைச் சாத்தவில்லை.

நான் அக்காவின் பக்கத்தில் குந்தினேன். "அக்கா, என்ரை பிழையெண்டு எழுதுங்கோ."

"என்னத்துக்கு?"

"பந்து நேராத்தான் வந்தது. நான்தான் முகத்தைத் திருப்பினனான்."

அக்கா என்னை நிமிர்ந்து பார்த்தார். கண்ணில் கோபம் இல்லை, ஒரு இரக்கம்தான் இருந்தது. "நீ கல்லை எடுத்து எறிஞ்சனீ. நான் கண்டனான்."

"அது சும்மா எறிஞ்சது அக்கா. வெக்கத்திலை. எல்லாரும் செய்யிறதுதானே. இஞ்சை பாருங்கோ கையை." மணிக்கட்டு வீங்கத் தொடங்கியிருந்தது.

"கல்லிலை பட்டுத்தானே கைக்கு வந்தது."

"இல்லை. கல்லே இல்லை அங்கை."

"அவன் கேக்கேக்கை கல் எண்டனீ. எனக்குக் காது கேக்கும். இப்ப எனக்காகக் கதையை மாத்திறாய்."

"உங்களுக்காக இல்லை, அக்கா. உண்மையாத்தான்."

"தம்பி, சும்மா இரு. நீ நல்லவன், அது எனக்குத் தெரியும். ஒருக்கா ஒருத்தர் சொன்னதுக்காண்டி நான் மாத்தி எழுதினனான். அது காணும்."

அந்தக் கதையை ஒரே ஒரு முறை, மேலோட்டமாகச் சொல்லியிருக்கிறார். ஆயுதத்தோடு வந்தவர்கள், யாழ்ப்பாணத்து ஆஸ்பத்திரியில் ஒரு கட்டிலில் கிடந்தவன் எப்படிச் செத்தான் என்பதைத் தலைமாட்டுத் தாளில் காய்ச்சல் என்று அக்காவைக் கொண்டு எழுத வைத்திருக்கிறார்கள். வந்தவர்கள் எந்தப் பக்கம் என்று அவர் சொல்லவில்லை. அது ஆஸ்பத்திரி, இது பந்து விளையாட்டு என்று நான் வாதாடியிருக்கலாம். நான் சொன்ன பொய்யை உடனே நம்பியவர், அதே வாயால் சொன்ன உண்மையை நம்ப மறுத்தார். அந்த உண்மையால் லாபம் அவருக்கு இருந்தது. அதனாலேயே அது அவருக்குப் பொய்யாகத் தெரிந்தது.

கழக அறையின் கதவு திறந்தே இருந்தது. தலைவர் முத்திரைப் பெட்டியை மேசையில் வைத்து, எங்களுக்கு முதுகு காட்டி உட்கார்ந்திருந்தது தெரிந்தது. அக்கா தாளை இரண்டாவது முறை கூட்டிச் சரிபார்த்தார். கையெழுத்திட்டார். உறையில் போட்டுக் கொண்டுபோய் மேசையில் வைத்தார். தலைவர் உறையைத் திறந்து பார்க்கவில்லை. "அடுத்த ஞாயிற்றுக்கிழமை பார்ப்போம்" என்றார். செவ்வாய்க்கிழமை அதற்கு முன்னால் வருகிறது என்பது மூன்று பேருக்கும் தெரியும். அவரைக் கெட்ட மனிதர் என்று சொல்ல எனக்கு மனம் வராது. மகனின் தோளை ஒரு வருடம் தன் கையால் எண்ணெய் போட்டு நீவிவிட்டவர். கடிதம் தரமாட்டேன் என்று அவர் ஒருபோதும் சொல்லவில்லை. கை பைக்குள் போகவில்லை, அவ்வளவுதான்.

வெளியே வந்து தன் மேசைக்குத் திரும்பிய பிறகுதான், தாளிலிருந்து நழுவிய அழிறப்பர் புத்தகத்தின் மேல் கிடந்ததை அக்கா கண்டார். "ஐயோ, அவரின்ரை சாமான்" என்று திரும்பினார். கதவு சாத்தியாயிற்று. "அடுத்த ஆட்டத்திலை குடுப்பம்" என்று சொல்லிப் படித்துக்கொண்டிருந்த பக்கத்தில் அதை வைத்து மூடினார்.

திங்கட்கிழமை காலை முழுவதும் விடுதி வாசலில் தலைவரின் கார் வந்து நிற்கும் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். தபால்காரர் வந்தார், விளம்பரத் தாள்கள்தான். மத்தியானம் கழகத் தலைவரின் வீடுவரை நடந்தேன். அவர் கூரை வேலைக்குப் போயிருந்தார். மகன் வாசலில் நின்றான். என் பிழை என்று அவனிடமும் சொன்னேன். "இப்போது எதற்குச் சொல்கிறாய்?" என்றான். அவனும் நம்பவில்லை. அகதிகள் ஒருவருக்கொருவர் உதவிக்காக எதுவும் சொல்வார்கள் என்று அவன் நினைத்திருக்க வேண்டும். செவ்வாய்க்கிழமை அக்காவோடு அலுவலகத்துக்குப் போனேன். அதிகாரி கோப்பைப் புரட்டி, கழகத்திலிருந்து கடிதம் வருமென்று சொல்லியிருந்தீர்களே என்று கேட்டார். "இல்லை" என்றார் அக்கா. ஐந்து நிமிடத்தில் வெளியே வந்துவிட்டோம். பேருந்துக்குத்தான் நாற்பது நிமிடம் நின்றோம்.

இலை கொட்டும் காலத்தில் ஆணைக்குழு மறுத்த கடிதம் வந்தது. எங்கள் மைதானத்தில் அதற்குள் இரண்டு ஆட்டங்கள் நடந்துவிட்டன. எழுத யாரும் அக்காவைக் கூப்பிடவில்லை. நானும் போகவில்லை. திருப்பி அனுப்ப நாள் குறிக்குமுன் அவர் பாரிஸில் இருந்த ஒன்றுவிட்ட தம்பியிடம் போய்விட்டார். ஒரு பைதான் கொண்டுபோகலாம். "இதிலை தலைவரின்ரை சாமான் இருக்கு. காணேக்கை குடுத்துவிடு" என்று இந்தப் புத்தகத்தை என் கையில் தந்தார். மிச்சப் புத்தகங்களை ஊர்க் காகிதக் கொள்கலனில் நான்தான் போட்டேன். பாரிஸில் நான்கு வருடம் காகிதமில்லாமல், ஒரு கடையின் பின்னறையில் மரக்கறி வெட்டினார். தெருவில் பொலிஸைக் கண்டால் கடைக்குள் திரும்பிவிடுவாராம். பிறகு ஓர் உணவகக்காரர் வேலைக் கடிதம் தந்ததால் எனக்கு விசா கிடைத்தது. நான் அந்த ஊரை விட்டுப் போய், பிராங்பேர்ட், இன்னும் இரண்டு மூன்று நகரம், இப்போது எசன் என்று அலைந்துகொண்டிருக்கிறேன். அழிறப்பரை உரியவரிடம் கொடுக்கவில்லை. அந்தப் பக்கம் போகும் துணிவு வரவில்லை.

அக்காவுக்கு இப்போது காகிதம் இருக்கிறது. முதியோர் இல்லம் ஒன்றில் வேலை. மாதத்தில் ஒருமுறை பேசுவோம். கணினியில் அமெரிக்க ஆட்டங்களைப் பார்க்கிறார். பார்த்துக்கொண்டே தாளில் குறி போடுகிறாராம், யாருக்கும் அனுப்புவதற்கில்லாமல். போன மாதம் பேசும்போது நான் மறுபடி சொன்னேன்.

"அக்கா, அண்டைக்கு அங்கை கல்லே இல்லை."

மறுமுனையில் கரண்டி ஏதோ பாத்திரத்தில் பட்ட சத்தம் கேட்டது. பிறகு சிரித்தார்.

"இன்னும் எனக்காகப் பொய் சொல்லிக்கொண்டு திரியிறாய். எனக்குத்தான் விசா கிடைச்சிட்டுதே, விடன் இனி."

போனை வைத்த பிறகு புத்தகத்தை எடுத்துத் திறந்தேன். அழிறப்பர் அந்தக் குழிக்குள் அப்படியே இருந்தது. ஒரு மூலையை விரலால் அழுத்திப் பார்த்தேன். பழசாகிப் போய் இறுகிவிட்டது. இனி எதையும் அழிக்காது, தாளைத்தான் கிழிக்கும். இருந்த பக்கத்திலேயே வைத்து மூடினேன்.